அத்தையின் மேட்டைப் படமெடுத்த வாரம்

மூன்று கால் உள்ள எதைக் கண்டாலும் நம் பெரியவர்கள் சந்தேகப்பட்ட காலம் ஒன்று உண்டு. வல்லத்துக்கும் ஒரகடத்துக்கும் நடுவில் வளர்ந்து, இன்று நாற்பதைத் தொட்டும் தொடாமலும் நிற்கிற என் வகுப்புத் தோழிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காக ஒரு வரி: வயலில் யாராவது மூன்று கால் நட்டு, அதன்மேல் ஒரு கருவியை நிறுத்தி, ஒற்றைக் கண்ணை மூடிக்கொண்டு பார்த்தால், அடுத்த வருடம் அங்கே அளவுக்கல் இருக்கும். அதற்கடுத்த வருடம் கம்பெனிச் சுவர் இருக்கும்.

நான் சொல்லப்போவது 2000ஆம் வருடம், மே மாதத்தின் பின்பாதி. நினைவை நம்பி எழுதவில்லை. என் நினைவு எனக்குச் சாதகமாகவே பேசும் என்பது எனக்குத் தெரியும். அப்பா ஸ்டோர் கீப்பராக இருந்த உதிரிபாகக் கம்பெனியில் வருடா வருடம் ஒரு டைரி கொடுப்பார்கள். நீல ரெக்சின் அட்டை, திறந்தால் மண்ணெண்ணெய் போல ஒரு வாசனை. ஊருக்குள் வருகிற வெளியாட்களைக் குறித்துவைக்க, அந்த வருடத்து டைரியை அப்பா என்னிடம் தந்தார். எனக்குப் பன்னிரண்டு வயது.

"பாப்பா, இன்னா வண்டி, எத்தினி பேரு, எப்ப வந்தாங்க, எப்ப போனாங்க. அவ்ளோதான் எழுதணும். நீயா எதுவும் சேக்காத" என்றார்.

டைரி இப்போதும் என்னிடம் இருக்கிறது. அந்த வாரத்துப் பக்கங்களில் நான் எழுதிய எதுவும் பொய்யில்லை.

வந்தவர்கள் மூன்று பேர். ஒரு பெண், ஒரு கேமராக்காரர், ஒரு டிரைவர். செவ்வாய்க்கிழமை காலை ஏழேகாலுக்கு ஜீப் டீக்கடை முன்னால் நின்றது. அந்தப் பெண் இறங்கி வந்து, தானாகவே எல்லோருக்கும் விஷயத்தைச் சொன்னார். ஊரில் அவருக்குப் படக்காரம்மா என்று பெயர் வந்தது அன்றைக்குத்தான்.

"நம்ம நாட்டு நிலம், காடு இதப் பத்தி ஒரு சின்னப் படம் எடுக்கிறோங்க. பன்னெண்டு நிமிஷம். ஸ்கூல்ல போட்டுக் காட்டறதுக்கு."

"பன்னெண்டு நிமிஷத்துல நாடு முழுக்கவா?" என்றார் டீக்கடைக்காரர்.

"ஆமாங்க. பனிமலை எடுத்தாச்சு. பாலைவனம், மழைக்காடு எல்லாம் முடிச்சிட்டோம். கடைசியா உங்க ஊரு. ஏரிக்குத் தெக்கால ஒரு மேடு இருக்கே, அது."

ஜீப் நகர்ந்ததும் டீக்கடைக்காரர் கிளாஸைக் கழுவிக்கொண்டே சொன்னார்: "இமயமலைக்கு அப்பறம் நம்ம முள்ளு மேடாம். பொய் சொல்றதுக்கும் ஒரு அளவு வாணாமா?"

சந்தேகம் பிடித்தது அங்கேதான். ஏரியைப் படமெடுக்க வந்தோம், கொக்கை எடுக்க வந்தோம் என்று சொல்லியிருந்தால் ஊர் நம்பியிருக்கும்.

அந்த மேடு என் அத்தையுடையது. அப்பாவுக்கு அக்கா. மாமா இறந்தபின் எங்கள் வீட்டை ஒட்டிய வீட்டில் தனியாக இருந்தாள். மேட்டில் உழவு கிடையாது, கிணறு கிடையாது. கிளுவையும் காரையும் சூரையும் ஒன்றோடொன்று பின்னிக் கிடக்கும். நடுவில் பாலை மரங்கள். ஏரி வெடித்துக் கிடக்கிற மே மாதத்திலும் மேடு மட்டும் கரும்பச்சையாக நிற்கும். குனிந்து உள்ளே நுழைந்தால் வெயில் மேலேயே நின்றுவிடும். காட்டெலுமிச்சை இலையைக் கசக்கி முகர்ந்துகொண்டே நான் அங்கே பல மதியங்களைக் கழித்திருக்கிறேன். ஊருக்கு அது ஒன்றுக்கும் உதவாத முள்ளு. அத்தைக்கு அதுதான் சோறு. களாக்காய், சூரைப்பழம், இலந்தை, பாலைப்பழம் என்று பருவத்துக்கு ஒன்றாகக் கூடையில் போட்டுக்கொண்டு, பஸ் ஏறிப்போய் சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷன் வாசலில் உட்காருவாள். சாயங்காலம் காலிக் கூடையோடு வருவாள்.

அத்தை சந்தேகப்படாத ஆளே கிடையாது. கண்டக்டர் கொடுத்த டிக்கெட்டை என்னிடம் நீட்டி, "ஊரு பேரு சரியா கீதா பாரு" என்பாள். போலியோ சொட்டு மருந்து ஊற்ற வந்த நர்ஸை, முதலில் நீ ஒரு சொட்டு குடி என்றவள். அதனால் அவள் எதைச் சந்தேகப்பட்டாலும் வீட்டில் யாரும் காதில் வாங்குவதில்லை.

அப்போது எங்கள் பக்கம் இரண்டு பேச்சுகள் உலவின. ஒன்று: தரிசு என்று எழுதிவிட்டால் முதலில் அந்த நிலத்தைத்தான் கம்பெனிக்கு எடுப்பார்கள். மற்றொன்று: காடு என்று எழுதிவிட்டால் பாரஸ்ட்காரன் வந்து, ஒரு குச்சி ஒடித்தாலும் கேஸ் போடுவான். அத்தையின் மேட்டைப் பார்த்தால் இரண்டில் எதையும் எழுதலாம். படக்காரம்மா அதைக் காடு என்று வேறு சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

புதன்கிழமை அவர்கள் மரங்களில் மஞ்சள் துணி கட்டினார்கள். பதினொன்று. எண்ணி எழுதியிருக்கிறேன். ஒரு அட்டையில் வரைபடம் போட்டு, துணி கட்டிய மரங்களுக்கு எண் கொடுத்தார்கள். அதையும் எழுதியிருக்கிறேன். அன்று சாயங்காலம் அப்பா ஷிப்ட் முடிந்து வந்து, லுங்கிக்குக்கூட மாறாமல் டைரியை வாங்கிப் படித்தார்.

"நம்பர் போட்டுட்டானா?"

"ஆமாம்ப்பா."

"மரத்துக்கு மரமா?"

"துணி கட்டுனதுக்கு மட்டும்."

அப்பா அம்மாவைப் பார்த்தார். "சர்வேதான்" என்றார்.

வியாழக்கிழமை நடந்ததில் டைரியில் இருப்பது ஒரு வரிதான்: "காலை 6.40 வருகை. 11.10 புறப்பாடு. முக்காலி. பச்சைத் துணி மறைப்பு."

மீதியை இப்போது சொல்கிறேன். மஞ்சள் துணி, எந்தெந்த மரத்தைப் படமெடுப்பது என்பதற்கான குறி. மயிலைப் படமெடுப்பதற்காக ஒரு காரைப் புதரை ஒட்டி பச்சைத் துணியில் சின்னக் கூடாரம் போல ஒன்றைக் கட்டி, கேமராவை அதற்குள் வைத்திருந்தார்கள். வேலிப்பக்கம் உட்கார்ந்து நான் எழுதிக்கொண்டிருந்ததை அந்த அம்மா மூன்று நாளாகப் பார்த்திருக்கிறார்.

"மூணு நாளா எங்களப் பத்தி எழுதறியே, நாங்க இன்னா பாக்கறோம்னு ஒரு தடவ பாரு, வா" என்றார். எங்கள் பேச்சைப் பழகிக்கொண்டு 'இன்னா' என்றது எனக்குச் சிரிப்பாக இருந்தது.

கண் வைக்கிற குழாயில் மேடு கறுப்பு வெள்ளையாகத் தெரிந்தது. எனக்கு ஏமாற்றம். "கலர் இல்லியா?"

"கலர் உள்ள டேப்ல பதியும். எடுக்கும்போது நமக்குத் தெரியாது."

பிறகு அவர் குரலைத் தாழ்த்தினார். "இந்த மாதிரிக் காடு கடலோரம் பூரா இருந்துச்சும்மா. இப்ப கோயில ஒட்டி அங்கங்க கொஞ்சம் மிச்சம். இது யாரும் நட்டதில்ல, தானா நிக்கிறது. உங்க அத்தைகிட்ட சொல்லு, யார் கேட்டாலும் வெட்ட விட வேணாம்னு. நான் சொன்னா நம்ப மாட்டாங்க."

தலையாட்டினேன். அவர்கள் ஜீப்புக்குச் சாப்பிடப் போனார்கள். மயில் வந்தால் சிவப்புப் பொத்தானை அமுக்கு என்று கேமராக்காரர் காட்டிவிட்டுப் போனார். மயில் வரவில்லை. சருகு நொறுங்குகிற சத்தம் கேட்டு நான் பொத்தானை அமுக்கினேன். வந்தது அத்தை. மடியில் பாலைப்பழம். துணிக்குக் கீழே என் பாவாடை தெரிந்திருக்க வேண்டும்.

"ஏய், இன்னாடி இங்க ஒளிஞ்சினு கீற?" என்று சிரித்துக்கொண்டே குனிந்து, "இந்தா, துன்னு" என்று கை நிறைய பழத்தை நீட்டினாள். துணிக்குள் இருந்த மெஷினை அவள் கவனிக்கவில்லை. நான் வெளியே கையை விட்டு வாங்கிக்கொண்டேன். பாலைப்பழம் தின்றால் உதடு பிசின் போல ஒட்டிக்கொள்ளும். அன்று மத்தியானம் வரை ஒட்டிக்கொண்டிருந்தது.

நான் அந்தச் செய்தியை அத்தையிடம் சொல்லவில்லை. சொன்னால், உன்னிடம் ஏன் பேசினார்கள், எப்போது பேசினார்கள், நீ என்ன தொட்டாய் என்று கேள்வி வரும். ஊர் முழுக்க ஒருவரைச் சந்தேகிக்கும்போது, அவர்களோடு பேசியவள் என்று தெரிவது எப்படி இருக்கும் என்பது பன்னிரண்டு வயதிலும் எனக்குப் புரிந்திருந்தது.

வெள்ளிக்கிழமை அவர்கள் வரவில்லை. அடுத்த வியாழக்கிழமை வருவதாக டீக்கடையில் சொல்லியிருந்தார்கள். மேட்டோரத்தில் மாடு ஓட்டிப்போன ஒருவர் உள்ளங்கை அளவில் வட்டமான கறுப்புப் பொருள் ஒன்றைக் கண்டெடுத்து, துண்டில் பொதிந்து டீக்கடைக்குக் கொண்டுவந்தார். பெஞ்சின் மேல் வைத்துச் சுற்றி நின்றார்கள். நான் அப்பாவின் சைக்கிள் பக்கத்தில் நின்றேன்.

"பேச்சு புடிக்கிற மெஷினா இருக்கும்" என்றார் டீக்கடைக்காரர், வாயைப் பொத்திக்கொண்டு.

"ஒயரு இல்லியே."

"இப்பல்லாம் ஒயரு இல்லாமதான் வருது."

அதற்குப் பிறகு பத்து நிமிடம் அங்கே சைகையில்தான் பேச்சு நடந்தது. 'இரண்டு டீ' என்பதைக்கூட விரலால் காட்டினார்கள். அது கேமராக் கண்ணுக்குப் போடுகிற மூடி. அந்த அம்மா அதைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டதை நான் அருகில் நின்று பார்த்திருந்தேன். அருகில் நின்றேன் என்பதைச் சொல்லாமல் அது மூடி என்று சொல்ல வழியில்லை. அப்பா அதை பாலிதீன் பையில் சுற்றி, கல் கட்டி, பாழுங்கிணற்றில் போட்டுவிட்டு வந்தார். முகத்தில் ஒரு பெரிய காரியத்தை முடித்த நிம்மதி.

அன்றைக்குத்தான் வெள்ளைச் சட்டைக்காரர் எங்கள் வீட்டுக்கு வந்தார். இரண்டு மாதமாக ஊருக்குள் வந்து போகிறவர். அம்மா வழியில் தூரத்துச் சொந்தம் என்று அவரே சொல்லிக்கொண்டார். அவர் கையில் எந்தக் கருவியும் இருந்ததில்லை. வரும்போதெல்லாம் ஒரு ஸ்வீட் பாக்கெட் மட்டும். என் டைரியில் அவர் பெயரும் இல்லை, வந்த நேரமும் இல்லை. வீட்டு மனிதரை யார் எழுதுவார்கள்?

"யக்கா, நான் சொல்றத கேளுங்க" என்றார் அத்தையிடம். "அவங்க அடுத்த வியாழன் வந்து முள்ளப் பாத்தாங்கன்னா தரிசுன்னு எழுதுவாங்க, இல்லாட்டி காடுன்னு எழுதுவாங்க. ரெண்டும் ஆபத்து. அதுக்குள்ள மேட்ட சுத்தம் பண்ணி முருங்க போத்து நட்டு வச்சிருங்க. தோப்பு. தோப்புல எவனும் கை வைக்க மாட்டான். பொக்லைன் நான் அனுப்பறேன். நீங்க ஒண்ணும் குடுக்க வாணாம்."

அவர் போனதும் அத்தை அப்பாவிடம் கேட்டாள்: "ஓசில ஏன்டா வண்டி வுட்றான்?"

"சொந்தக்காரன்க்கா."

"எந்தச் சொந்தம்? உம் பொண்டாட்டியே போன மாசம்தான அவன பாத்தா?"

"நீ எல்லாத்தையும் சந்தேகப்படு. நல்லது பண்றவனையும் வுடாத" என்று அப்பா எழுந்துவிட்டார். அப்பா கெட்டவர் இல்லை. கம்பெனியில் தினமும் பேப்பர் பேப்பராகச் சரிபார்க்கிற மனிதர். வீட்டுக்கு வந்த மனிதரிடம் மட்டும் பேப்பர் கேட்கத் தெரியவில்லை.

அத்தை இரண்டு நாள் யோசித்தாள். மூன்றாம் நாள் மஞ்சள் துணி கட்டிய மரங்களைத் திரும்பப் போய்ப் பார்த்துவிட்டு வந்து, "சரி வரச்சொல்லு" என்றாள். வெள்ளைச் சட்டைக்காரருக்கு ஒரு ஜாடி களாக்காய் ஊறுகாயும் கொடுத்தனுப்பினாள்.

பொக்லைன் செவ்வாயும் புதனும் ஓடியது. முள்ளு சீக்கிரம் போனது. பாலை மரம் லேசில் விழவில்லை. வாளியின் பல் ஒன்று உடைந்துவிட்டதென்று டிரைவர் திட்டினான். கடைசி மரம் சாயும்போது பழங்கள் மண்ணில் நசுங்கி, மேடு முழுக்க ஒரு தித்திப்பு வாசனை. அத்தை கூடையோடு போய் நசுங்காததைப் பொறுக்கினாள். அன்று அவள் ஸ்டேஷனுக்குப் போகவில்லை. பொறுக்கியதை எல்லா வீட்டுக்கும் கொடுத்தாள்.

சாயங்காலமே முருங்கைப் போத்துகளை நட்டார்கள். நுனியில் சாணி உருண்டை வைத்த குச்சிகள், வரிசை வரிசையாக. தூரத்திலிருந்து பார்த்தால் தொப்பி போட்ட ஆட்கள் நிற்பது போல இருக்கும்.

வியாழக்கிழமை, காலை ஏழு ஐந்து. ஜீப் வந்தது. படக்காரம்மா இறங்கி, நாலு அடி நடந்து, நின்றார். பிறகு ஓரத்தில் குவித்திருந்த முள்ளுக் குவியலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டார். கேமராக்காரர் என்ன செய்வதென்று தெரியாமல் முக்காலியை விரித்தார். அத்தை குச்சிகளுக்கு நடுவில் இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"இங்க இருந்த மரமெல்லாம் எங்கம்மா?"

"இங்க ஏது மரம்?" என்றாள் அத்தை. "எப்பவும் முருங்கைத் தோப்புதான்."

"போன வாரம் நாங்க..."

"போன வாரமும் தோப்புதான்."

சாணி உருண்டைகள் இன்னும் காயவில்லை. அந்த அம்மா அவற்றைப் பார்த்தார்; பிறகு என்னைப் பார்த்தார். நான் டைரியைத் திறந்து குனிந்துகொண்டேன். அந்தப் பக்கத்தில் 7.05 என்று மூன்று தடவை எழுதியிருக்கிறேன்.

அவர் எழுந்து வந்து, "குடிக்கக் கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?" என்றார்.

குச்சிகளுக்கு ஊற்ற நாலு குடம் வரிசையாக இருந்தது. "இல்ல" என்றாள் அத்தை.

அந்த முருங்கையில் துளிர்த்தவை இரண்டு. ஐப்பசி மழையில் வெள்ளைச் சட்டைக்காரர் பத்திரத்தோடு வந்தார். முள் இல்லாத, மரம் இல்லாத, அளப்பதற்கு வசதியான மேடு. அரசாங்கம் எடுக்கும் முன் நாமே நல்லவர் கையில் கொடுத்துவிடுவோம் என்றார் அப்பா. அத்தை பெருவிரலை வைத்தாள். இன்று அங்கே புதுக் கார்களை ஏற்றிப்போகிற நீள டிரெய்லர்கள் நிற்கின்றன. அத்தைக்கு அதன்பின் ஸ்டேஷனில் விற்க ஒன்றும் இல்லை. பதினாறு வருடம் ஒரு கம்பெனி கேன்டீனில் பாத்திரம் தேய்த்தாள்.

போன மாதம் வகுப்புத் தோழி ஒருத்தி நம் வாட்ஸ்அப் குழுவில் ஒரு இணைப்பு அனுப்பினாள். 'நம்ம ஏரி மாதிரி இருக்கு, பாருங்கடி' என்று மட்டும் எழுதியிருந்தாள். எவன் எதற்கு அனுப்புகிறான் என்று தெரியாத இணைப்பை நான் திறப்பதில்லை. இதையும் இரண்டு நாள் கழித்துத்தான் திறந்தேன். பழைய டேப்பிலிருந்து யாரோ மாற்றி ஏற்றியிருக்கிறார்கள். நீளத்தைப் பார்த்தேன். பன்னிரண்டு நிமிடம்.

அத்தை இப்போது பிள்ளைப்பாக்கத்தில் எங்களோடுதான் இருக்கிறாள். மாடி அறைகளில் ஷிப்ட் வேலைக்கு வந்த திருநெல்வேலிப் பையன்கள் குடியிருக்கிறார்கள். அன்று மத்தியானம் சாப்பாட்டுக்குப் பின் போனை அவள் முன் வைத்தேன்.

பனிமலை வந்தது. "இன்னா இது, உப்பளமா?" என்றாள். பாலைவனம், ஒட்டகம், மேகம் இறங்கிய மழைக்காடு. அதற்குப் பிறகு, எந்த அறிவிப்பும் இல்லாமல், மேடு. கலரில். காலை வெயில் பட்ட பாலை இலைகள்.

அத்தை நிமிர்ந்து உட்கார்ந்தாள். "அது கோணப் பாலை. அதுக்குப் பக்கத்துல காட்டெலுமிச்ச. பாரு, கட்டெறும்புப் புத்து அப்படியே கீது." ஒவ்வொன்றாக விரல் வைத்துச் சொன்னாள். விரல் பட்டுப் படம் இரண்டு தடவை நின்றது. பிறகு குச்சித் தோப்பில் இடுப்பில் கை வைத்து கேமராவை முறைத்துக்கொண்டு அவளே நின்றாள். மரமில்லாத மேட்டில் மரம் வளர்க்க முயல்கிற பெண் என்று பின்னணிக் குரல் மரியாதையாகச் சொன்னது. அத்தை "அய்ய" என்றாள். உண்மை தெரிந்தும் படக்காரம்மா எங்களைக் காட்டிக்கொடுக்கவில்லை.

படம் அதோடு முடியவில்லை. கடைசியாக ஒரு காட்சி, லேசாக ஆடுகிறது. சருகுச் சத்தம். புதருக்குள்ளிருந்து அத்தை வருகிறாள், குனிகிறாள், சிரிக்கிறாள், கை நிறைய பாலைப்பழத்தைக் கேமராவுக்கு நீட்டுகிறாள். பின்னணிக் குரல் இல்லை; அவள் முதலில் என்னைக் கேட்டதையும் வெட்டிவிட்டிருந்தார்கள். அவள் குரல் மட்டும்: "இந்தா, துன்னு."

"நான் எப்படி அவங்களுக்குப் பழம் குடுத்தேன்?" அத்தையின் புருவம் சுருங்கியது. "ஒரு சொம்பு தண்ணி குடுக்கல நானு. அந்தத் திருட்டுப் பயலுக்கு ஜாடி நெறைய ஊறுகா குடுத்தேன். இவளுக்குத் தண்ணி குடுக்கல. இதுல ஏதோ பண்ணிகீறாங்க."

"இல்ல அத்த. துணிக்குள்ள நான் இருந்தேன். எனக்குக் குடுத்த."

என்னைப் பார்த்தாள்.

"அன்னிக்கு அவங்க உங்கிட்ட சொல்லச் சொன்னாங்க. யார் கேட்டாலும் வெட்ட விட வேணாம்னு. நான் சொல்லல."

மாடியில் யாரோ ஒரு பையன் வாளியை இழுத்துக்கொண்டு நடந்தான். தெருமுனையில் கம்பெனி பஸ் ஹாரன் அடித்தது. அத்தை முந்தானையால் போன் திரையைத் துடைத்தாள். இவள் சந்தேகப்படாத ஆளே இல்லை. சொல்லியிருந்தாலும் நம்பியிருக்க மாட்டாள். இருபத்தைந்து வருடமாக நான் பிடித்துக்கொண்டிருந்த சமாதானம் அது ஒன்றுதான்.

"அவ சொல்லியிருந்தா நம்பியிருக்க மாட்டேன்" என்றாள். "நீ சொல்லியிருந்தா நம்பியிருப்பேன்."

குரலில் கோபம் இல்லை. பிறகு போனை என் பக்கம் தள்ளினாள்.

"அந்தக் கடைசி மட்டும் இன்னொரு வாட்டி போடு."

போட்டேன். சருகுச் சத்தம் கேட்டது. கை நீண்டது.